ஆதாரம் கேட்ட நீதிபதி: ஸ்காட்லாந்தின் கூப்பர் பிரபு

இந்திய நீதிமன்றங்களில் கையெழுத்து நிபுணரோ மருத்துவ நிபுணரோ சாட்சிக் கூண்டில் ஏறினால், தீர்ப்பில் எங்காவது ஒரு வாசகம் தலைகாட்டும். நிபுணர் சொல்லிவிட்டார் என்பதற்காக நீதிபதி தலையாட்டிவிட முடியாது. தன் முடிவு சரியா தவறா என்று சோதித்துப் பார்க்கத் தேவையான அறிவியல் அளவுகோல்களை நீதிபதியிடம் எடுத்து வைப்பதுதான் நிபுணரின் கடமை. அந்த அளவுகோல்களை வழக்கின் உண்மைகளோடு பொருத்திப் பார்த்து முடிவெடுக்க வேண்டியவர் நீதிபதியே. கையெழுத்து நிபுணரின் சாட்சியம் பற்றி 1980இல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய புகழ்பெற்ற தீர்ப்பு இந்த வாசகத்தை எடுத்தாள்கிறது. அதை முதலில் எழுதியவர் எடின்பரோவில் இருந்த ஒரு நீதிபதி. அவர் பெயர் தாமஸ் மக்காய் கூப்பர்.

வழக்கு 1953ஆம் ஆண்டின் சட்டத் தொகுப்பில் பதிவானது. எடின்பரோ மாநகர நிர்வாகம் கழிவுநீர்க் கால்வாய் அமைக்கப் பாறைக்கு வெடி வைத்தது. தன் வீடு அதனால் சேதமடைந்தது என்று ஒருவர் வழக்குத் தொடுத்தார். நிர்வாகம் வெடிபொருள் நிபுணர் ஒருவரை அழைத்து வந்தது. வெடியால் இப்படிச் சேதம் ஏற்படாது என்றார் அவர். எதிர்த்தரப்பில் அவரை மறுக்க இன்னொரு நிபுணர் இல்லை. மறுக்கப்படாத நிபுணர் கருத்து நீதிமன்றத்தைக் கட்டுப்படுத்தும் என்று நிர்வாகத்தின் வழக்கறிஞர்கள் வாதிட்டார்கள். கூப்பர் அதை ஏற்கவில்லை. வழக்காடிகள் நாடி வந்தது நீதிமன்றத்தின் தீர்ப்பை, நிபுணரின் அருள்வாக்கை அல்ல என்று எழுதினார்.

அவர் வாழ்க்கை முழுவதையும் புரிந்துகொள்ள இந்த ஒரு வழக்கே நல்ல வாசல். நிபுணர், காவல்துறை, நில உரிமையாளர், நாடாளுமன்றம் என்று எதிரே நின்றது யாராக இருந்தாலும், உன் அதிகாரம் எங்கிருந்து வந்தது, அதற்கு ஆதாரம் என்ன என்று கேட்டவர் கூப்பர். அதே மனிதர் ஆட்சியாளர்களின் தயவில் பதவி ஏறியவர் என்பதுதான் அவரைச் சுவாரசியமானவர் ஆக்குகிறது.

கூப்பர் 1892இல் பிறந்தார். ஜார்ஜ் வாட்சன்ஸ் கல்லூரியிலும் எடின்பரோ பல்கலைக்கழகத்திலும் படித்து 1915இல் வழக்கறிஞரானார். முதல் உலகப் போரின்போது எதிரி நாடுகளுடனான வணிகத்தைக் கட்டுப்படுத்தும் அரசுத் துறையில் வேலை பார்த்தார். 1927இல் மன்னரின் வழக்கறிஞர் என்ற மூத்த தகுதி கிடைத்தது. கடைசி வரை திருமணம் செய்துகொள்ளவில்லை. எடின்பரோவின் நீதிமன்றம், நூலகம், ஆவணக் காப்பகம் ஆகியவற்றைச் சுற்றியே அவர் வாழ்க்கை ஓடியது.

அரசியலுக்கு அவர் வந்த வழியை விளக்க, ஸ்காட்லாந்தின் லார்ட் அட்வகேட் பதவியைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அன்றைய லார்ட் அட்வகேட் ஒரே நேரத்தில் மூன்று வேலை பார்த்தார். அரசுக்குச் சட்ட ஆலோசகர் அவர்தான். ஸ்காட்லாந்தின் பெரிய குற்ற வழக்குகள் அவர் பெயரில்தான் தொடரப்படும். ஆளுங்கட்சியின் அமைச்சரும் அவரே. நீதிபதி நியமனத்திலும் அவர் சொல்லுக்குத்தான் எடை. உயர்ந்த நீதிபதிப் பதவி காலியானால் லார்ட் அட்வகேட் அதைத் தானே எடுத்துக்கொள்வது வழக்கமாகவே இருந்தது. லார்ட் பிரசிடென்ட் என்பது ஸ்காட்லாந்து நீதித்துறையின் தலைமைப் பதவி. 1867 முதல் 1972 வரை அதில் அமர்ந்த ஒவ்வொருவரும் முன்னாள் லார்ட் அட்வகேட்தான். நூறு ஆண்டுகளுக்கு மேல் ஒரு விதிவிலக்குகூட இல்லை.

கூப்பரின் ஏற்றமும் இந்த ஏணியில்தான். 1935இல் வில்ஃபிரிட் நார்மண்ட் லார்ட் பிரசிடென்ட் ஆனதும் அவர் வகித்த மேற்கு எடின்பரோ தொகுதி காலியானது. அந்த இடைத்தேர்தலில் யூனியனிஸ்ட் கட்சி சார்பில் கூப்பர் வென்றார். இன்றைய ஸ்காட்டிஷ் கன்சர்வேட்டிவ் கட்சியின் முன்னோடி அது. அதே ஆண்டில் முதலில் ஸ்காட்லாந்தின் சொலிசிட்டர் ஜெனரலாகவும், அக்டோபரில் லார்ட் அட்வகேட்டாகவும் ஆனார். 1941இல் லார்ட் ஜஸ்டிஸ் கிளார்க் என்ற இரண்டாம் நிலை நீதிபதிப் பதவியில் இருந்த கிரெய்கி எய்ச்சிசன் இறந்தபோது அந்த இடத்துக்குப் போனார். 1947இல் நார்மண்ட், அன்று பிரிட்டனின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த லண்டன் பிரபுக்கள் சபையின் நீதிபதியானதும் லார்ட் பிரசிடென்ட் நாற்காலியும் கூப்பருக்கு வந்தது. நார்மண்டின் தொகுதியைப் பிடித்தவர் பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து அவருடைய நாற்காலியையும் பிடித்தார்.

இந்த முறை கெட்ட முறைதான். நேற்றுவரை அரசுக்காக வழக்காடிய அமைச்சர் இன்று அரசுக்கு எதிரான வழக்கை விசாரிப்பதை எப்படிப் பார்த்தாலும் நியாயப்படுத்த முடியாது. அதிலிருந்து ஒரு கூப்பர் வந்தார் என்பதற்காக அந்த முறைக்கு நற்சான்று வழங்கிவிடவும் முடியாது. ஸ்காட்லாந்தில் நீதிபதி நியமன வாரியம் ஒன்று அமையவே 2002 ஆகிவிட்டது.

நீதிபதியாகி ஆறு மாதம்கூட முடியாத நிலையில் நீதிமன்றத்துக்கு வெளியே ஒரு பெரிய வேலை அவரைத் தேடி வந்தது. கேட்டவர் மாற்றுக் கட்சிக்காரர். தொழிற்கட்சியின் டாம் ஜான்ஸ்டன் அப்போது சர்ச்சிலின் போர்க்கால அமைச்சரவையில் ஸ்காட்லாந்து அமைச்சர். வடக்கே இருந்த ஹைலண்ட்ஸ் மலைநாடு காலியாகிக்கொண்டிருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் குத்தகை விவசாயிகளை விரட்டிவிட்டு ஆட்டுப் பண்ணைகளுக்கும் வேட்டைக்கும் நிலத்தைக் கொடுத்தார்கள். அந்தக் காயம் ஆறவே இல்லை. இளைஞர்கள் கிளாஸ்கோவுக்கும் கனடாவுக்கும் போய்க்கொண்டிருந்தார்கள். மழையும் மலையும் ஏரியும் நிறைந்த நாட்டில் மின்சாரம் மட்டும் இல்லை. அக்காலத்தில் மலைநாட்டின் நூறு சிறு குடியானவர் வீடுகளில் ஒன்றில்தான் மின்விளக்கு இருந்தது என்பார்கள். நீர்மின் திட்டத்துக்கு முயற்சி நடக்காமல் இல்லை. 1930களின் பிற்பாதியில் கலிடோனியன் மின்திட்டம் நாடாளுமன்றத்துக்கு மூன்று முறை வந்து மூன்று முறையும் தோற்றது. நிலச்சுவான்தார்கள், சால்மன் மீன்பிடி உரிமை வைத்திருந்தவர்கள், நிலக்கரி முதலாளிகள், இயற்கை அழகைக் காக்க வேண்டும் என்றவர்கள் என்று ஆளுக்கொரு காரணத்தோடு எதிர்த்தார்கள்.

1941 அக்டோபரில் ஜான்ஸ்டன் ஒரு குழு அமைத்துக் கூப்பரைத் தலைவராக்கினார். 1942 டிசம்பரில் அறிக்கை வந்தது. அரசாங்க அறிக்கைகளில் இப்படிக் காரமான நடை அபூர்வம். ஆண்டில் சில வாரங்கள் வந்துபோகும் சுற்றுலாப் பயணிகளின் கண்ணுக்காக மலைநாட்டை என்றென்றும் மாற்றாமல் வைத்திருக்க வேண்டுமென்றால், அந்தக் கொள்கையின் தர்க்கப்படியான முடிவு என்ன என்று அறிக்கை கேட்டது. பெரும்பகுதியைத் தேசியப் பூங்காவாக்கி நிரந்தரமாக மலடாக்கிவிடலாம். எஞ்சியிருக்கும் மண்ணின் மக்களைச் சில ஒதுக்கிடங்களில் குடிவைத்து, அவர்கள் அடியோடு அற்றுப்போகும்வரை அங்கே இருக்க அனுமதிக்கலாம். எதிராளியின் வாதத்தை அதன் கடைசிப் படி வரை நடத்திக் கூட்டிப்போய், இதுதானே நீங்கள் கேட்பது என்று காட்டும் வழக்கறிஞரின் கை இதில் தெரிகிறது.

ஆனால் அந்த அறிக்கையின் பலம் காரத்தில் மட்டும் இல்லை. மலைநாட்டின் மின்னாக்கத்தை லாபத்துக்கு இயங்கும் நிறுவனங்களிடம் விடாமல் ஒரு பொது வாரியத்திடம் ஒப்படைக்க வேண்டும் என்று அது பரிந்துரைத்தது. அதன்படி 1943இல் சட்டம் வந்தது, வடக்கு ஸ்காட்லாந்து நீர்மின் வாரியம் பிறந்தது. வடக்கின் பொருளாதார வளர்ச்சிக்கும் சமூக மேம்பாட்டுக்கும் வாரியம் துணைநிற்க வேண்டும் என்றே அந்தச் சட்டம் சொன்னது. மக்கள் நெருக்கமான தெற்குக்கு மின்சாரத்தை விற்று, வரும் பணத்தில் வடக்கின் ஒதுக்குப்புறங்களுக்குக் கம்பி இழுக்கலாம். கன்சர்வேட்டிவ் பக்கத்து நீதிபதி ஒருவரும் சோஷலிச அமைச்சர் ஒருவரும் சேர்ந்து கொண்டுவந்த பொதுத்துறை இது. ஸ்லாய் ஏரித் திட்டம் 1950இல் திறக்கப்பட்டது. அதன் கட்டுமானத்தில் போர்க் கைதிகளும் வேலை செய்தார்கள். பிட்லாக்ரி அணைக்கு உள்ளூரில் கடும் எதிர்ப்பு. சால்மன் மீன்கள் ஆற்றின் எதிர்ப்போக்கில் ஏறிப்போக 34 தொட்டிகள் கொண்ட ஏணியை அங்கே கட்டினார்கள். இன்று சுற்றுலாப் பயணிகள் அந்த மீன் ஏணியைப் பார்க்கவே அந்த ஊருக்குப் போகிறார்கள்.

இதற்கிடையில் அவர் பழைய ஓலைகளையும் புரட்டிக்கொண்டிருந்தார். ஓலை என்றது நம் வழக்கில், அங்கே அது தோல்சுவடி. ஸ்காட்லாந்தின் பதின்மூன்றாம் நூற்றாண்டு வழக்குகளைத் தொகுத்து 1944இல் வெளியிட்டார். இடைக்காலச் சட்டநூலான ரேகியாம் மஜெஸ்டாட்டெமை 1947இல் பதிப்பித்தார். இந்தப் புலமை வெறும் பொழுதுபோக்கல்ல. ஸ்காட்லாந்தின் சட்டம் இங்கிலாந்தின் சட்டம் அல்ல. 1707இல் இரு நாடுகளும் இணைந்தபோது, ஸ்காட்லாந்தின் தலைமை நீதிமன்றமான கோர்ட் ஆஃப் செஷன் எக்காலமும் தொடரும் என்று இணைப்பு உடன்படிக்கையின் 19ஆம் பிரிவு உறுதி தந்தது. ஸ்காட்லாந்து மக்களின் வெளிப்படையான நன்மைக்காக அன்றி அவர்களுடைய தனியுரிமைச் சட்டத்தை மாற்றக்கூடாது என்றது 18ஆம் பிரிவு. ரோமானியச் சட்டத்தில் வேர்விட்டு, ஆங்கில மரபும் கலந்து வளர்ந்த சட்டம் அது. ரோமன் டச்சுச் சட்டத்தின் மீது ஆங்கிலச் சட்டம் படிந்திருக்கும் இலங்கையின் சட்டமும் இதே கலப்பு மரபுக் குடும்பத்தைச் சேர்ந்ததுதான்.

சட்டம் ஒரு மக்களின் உள்ளத்தைப் பிரதிபலிக்கும். தாங்கள் ஒரு தனி மக்கள் என்ற உணர்வு ஸ்காட்டியருக்கு இருக்கும்வரை தங்கள் சட்டத்தை அவர்கள் காக்கத்தான் வேண்டும் என்று 1949இல் ஒரு சிறுநூலில் எழுதினார். பிற்கால ஆய்வாளர்கள் இந்தக் கருத்தை அப்படியே விழுங்கிவிடவில்லை. கூப்பரும், அவருக்குப் பின்வந்த பேராசிரியர் டி. பி. ஸ்மித்தும் ரோமானிய வேர்களைப் பெரிதாக்கி, ஆங்கிலச் சட்டத்திலிருந்து வந்தவற்றையெல்லாம் கறைபோலக் காட்டினார்கள் என்று விமர்சித்தார்கள். விமர்சனத்தில் நியாயம் உண்டு. 1350 முதல் 1650 வரையிலான முந்நூறு ஆண்டுகளை இருண்ட காலம் என்று கூப்பர் ஒரே வீச்சில் ஒதுக்கினார். வரலாற்றாசிரியர்கள் அந்தக் காலத்தில் நிறைய வெளிச்சத்தைக் கண்டெடுத்தார்கள். தனக்குப் பிடித்தமான விஷயத்தில் மட்டும் அவர் தன்னிடமே ஆதாரம் கேட்கத் தவறினார் என்று தோன்றுகிறது.

குற்ற வழக்குகளில் அந்தக் குறை இல்லை. அன்று ஸ்காட்லாந்தின் குற்ற வழக்குகளில் லண்டனுக்கு மேல்முறையீடு கிடையாது. எடின்பரோவில் அவர் சொல்வதே கடைசித் தீர்ப்பு.

1950இல் பதிவான வழக்கு ஒன்று பால் பாட்டில் பற்றியது. பால் கடை நடத்திய ஒரு பெண், பிற நிறுவனங்களுக்குச் சொந்தமான பாட்டில்களில் பால் விற்றதாகத் தண்டிக்கப்பட்டார். அவர் கடைக்குள் நுழைந்து பாட்டில்களைக் கண்டுபிடித்தவர்கள் போலீஸார் அல்ல, பாட்டில்களை உரியவர்களிடம் சேர்ப்பிக்கும் ஒரு நிறுவனத்தின் ஆய்வாளர்கள். கையில் அதிகாரக் கடிதம் இருந்தது. ஆனால் பால் வாரியத்தோடு ஒப்பந்தம் செய்தவர்களின் இடங்களைச் சோதிக்க மட்டுமே அது அனுமதித்தது. இந்தக் கடை அதில் வராது. இவ்வளவு சிறிய விவகாரத்துக்குப் பல நீதிபதிகள் கொண்ட முழு அமர்வு கூடியது. கூப்பர் இரண்டு நலன்களை எதிரெதிரே நிறுத்தினார். அதிகாரிகளின் சட்டமீறலிலிருந்து குடிமகனைக் காப்பது ஒன்று. வெறும் சம்பிரதாயக் குறையைக் காட்டிக் குற்றத்தின் சாட்சியம் நீதிமன்றத்துக்கு எட்டாமல் போய்விடாதபடி பார்ப்பது மற்றொன்று. இரண்டில் எதையும் முழுமையாக வெல்லவிடக் கூடாது. ஆனால் முறைகேடு நடந்திருந்தால் அதை மன்னிக்கக் காரணம் காட்ட வேண்டும் என்றார். இந்த ஆய்வாளர்கள் தங்கள் அதிகாரத்தின் எல்லையைத் தெரிந்திருக்க வேண்டியவர்கள். தண்டனை ரத்தானது. சட்டவிரோதமாகக் கிடைத்த சாட்சியத்தை என்ன செய்வது என்று பிறகு யோசித்த அயர்லாந்து, ஆஸ்திரேலிய நீதிமன்றங்கள் இந்தத் தீர்ப்பைத் தேடிப் படித்தன.

1954இன் வழக்கு இதைவிடக் கனமானது. ஃபால்கர்க்கில் நடந்த ஒரு கொலை. சந்தேகத்துக்குரியவன் 16 வயதுச் சிறுவன். காவல் நிலையத்தில் கேள்வி மேல் கேள்வி கேட்டார்கள். அவன் அழுதுவிட்டான், வாக்குமூலமும் கொடுத்தான். பிறகு ஒரு கதிர் வயலுக்கு அழைத்துப் போனார்கள். இறந்தவரின் பணப்பை கிடந்த இடத்தை அவன் காட்டினான். விசாரணையில் அரசுத் தரப்பு வாக்குமூலத்தை முன்வைக்காமல் தவிர்த்துவிட்டு, வயலுக்குப் போன கதையை மட்டும் சாட்சியமாகக் கொண்டுவந்தது. புத்திசாலித்தனமான ஏற்பாடு. கூப்பர் அதை ஒரே அடியில் சாய்த்தார். விசாரணையும் வயல் பயணமும் ஒரே நிகழ்வின் இரு பகுதிகள், முதலாவது நியாயமற்றது என்றால் இரண்டாவதையும் அதே குறை பற்றும் என்றார். தண்டனை ரத்து. சந்தேகத்துக்குரியவரைக் காவல் நிலையத்தில் குறுக்கு விசாரணை செய்ய முடியும் என்றால், நீதிமன்றத்தில் அவருக்குத் தரும் பாதுகாப்பெல்லாம் எதற்கு என்பதே அவர் தீர்ப்பின் உள்ளோட்டம்.

கொலை வழக்கில் இது எளிய தீர்ப்பல்ல. பின்னர் இன்னொரு முன்னாள் லார்ட் அட்வகேட்டான வீட்லி பிரபு, நியாயம் குற்றம் சாட்டப்பட்டவருக்கு மட்டும் உரியதல்ல, பொதுமக்களுக்கும் உண்டு என்று 1967இல் கூறினார். நீதிமன்றங்களும் கூப்பரின் கண்டிப்பிலிருந்து கொஞ்சம் விலகின. அந்தச் சிறுவனின் வயதையும் கண்ணீரையும் நினைத்தால், கூப்பர் நின்ற இடமே சரி என்றுதான் எனக்குப் படுகிறது.

அவரை எல்லோரும் நினைவுகூரும் வழக்கு 1953இல் வந்தது. முந்தைய ஆண்டு அரியணை ஏறிய அரசி தன்னை இரண்டாம் எலிசபெத் என்று அறிவித்துக்கொண்டார். முதலாம் எலிசபெத் இங்கிலாந்தின் அரசி. 1603இல் அவர் இறந்த பிறகுதான் இரு நாட்டு மணிமுடிகளும் ஒரே தலைக்கு வந்தன. ஸ்காட்லாந்தை ஆண்ட முதல் எலிசபெத்தே இவர்தான் எனும்போது இரண்டாமவர் எப்படி ஆவார்? எடின்பரோவின் இஞ்ச் பகுதியில் அந்த எண் பொறித்து வைக்கப்பட்ட தபால் பெட்டியை யாரோ வெடி வைத்துத் தகர்த்தார்கள்.

சட்ட வழியில் போனவர்கள் இருவர். கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தின் ரெக்டர் ஜான் மக்கார்மிக் ஒருவர். 1950 கிறிஸ்துமஸ் அன்று வெஸ்ட்மின்ஸ்டர் ஆலயத்திலிருந்து ஸ்காட்லாந்தின் முடிசூட்டுக் கல்லைத் தூக்கிவந்த மாணவர்களில் ஒருவரான இயன் ஹாமில்டன் மற்றவர். இந்தப் பட்டம் 1707 இணைப்பு உடன்படிக்கைக்கு முரணானது என்பது அவர்கள் மனு. கீழமர்வில் கத்ரி பிரபு தள்ளுபடி செய்தார். மேல்முறையீட்டை கூப்பரும் இரு நீதிபதிகளும் கேட்டார்கள்.

அங்கேயும் மனு தோற்றது. அரசரின் பட்டப்பெயரில் என்ன எண் வர வேண்டும் என்று உடன்படிக்கை எதுவும் சொல்லவில்லை. இப்படி வழக்குத் தொடர மனுதாரர்களுக்கு உரிமையும் இல்லை. இதோடு நிறுத்தியிருந்தால் இந்த வழக்கை இன்று யாரும் பேசமாட்டார்கள். ஆனால் கீழமர்வு சொன்ன ஒரு காரணம் கூப்பருக்கு நெருடியது. நாடாளுமன்றம் 1953இல் ஒரு சட்டம் போட்டுவிட்டது, அதைக் கேள்வி கேட்க முடியாது என்றிருந்தார் கத்ரி பிரபு. அரசி அந்தப் பட்டத்தைச் சூடிக்கொண்டதோ முந்தைய ஆண்டில், ஆகவே அந்தச் சட்டம் இங்கே பொருந்தாது என்று முதலில் தீர்த்தார் கூப்பர். பிறகு அடிப்படைக்கே போனார்.

நாடாளுமன்றத்தின் எல்லையற்ற இறையாண்மை என்பது தனித்த ஆங்கிலக் கோட்பாடு, ஸ்காட்லாந்தின் அரசியல் சட்டத்தில் அதற்கு இணையாக எதுவும் இல்லை என்று எழுதினார். கோக், பிளாக்ஸ்டன் போன்ற ஆங்கிலச் சட்ட அறிஞர்களிடம் தொடங்கி பேஜட், டைசி ஆகியோரால் பரவிய கருத்து அது. 1707இல் இரு நாட்டு நாடாளுமன்றங்களும் ஒழிந்து புதிய ஒன்று பிறந்தது. அப்படியிருக்க, ஏதோ ஸ்காட்டிஷ் உறுப்பினர்களை ஆங்கில நாடாளுமன்றத்துக்குள் சேர்த்துக்கொண்டது மட்டும்தான் நடந்தது என்பதுபோல, புதிய நாடாளுமன்றம் ஆங்கில நாடாளுமன்றத்தின் குணங்களை எல்லாம் சுவீகரித்து ஸ்காட்டிஷ் நாடாளுமன்றத்தின் குணம் ஒன்றைக்கூடப் பெறாமல் போனது ஏன் என்று கேட்டார். அதற்கு யாராலும் திருப்தியான பதில் சொல்ல முடியவில்லை. உடன்படிக்கையின் அடிப்படை நிபந்தனைகளை நாடாளுமன்றம் மாற்ற முடியாது என்பதை அரசுத் தரப்பில் நின்ற லார்ட் அட்வகேட்டே ஒப்புக்கொண்டதையும் பதிவு செய்தார்.

ஆனால் நாடாளுமன்றம் மீறினால் நீதிமன்றம் தடுக்க முடியுமா? இங்கே கூப்பர் நின்றுவிட்டார். இந்த வகை அரசு நடவடிக்கை உடன்படிக்கைக்கு ஒத்துப்போகிறதா என்று தீர்மானிக்க ஸ்காட்லாந்து நீதிமன்றங்களுக்கோ இங்கிலாந்து நீதிமன்றங்களுக்கோ அதிகாரம் உண்டு என்பதற்கு முன்னுதாரணமே இல்லை என்றார். கோழைத்தனம் என்று இதைச் சொன்னவர்கள் உண்டு. எனக்கு அது நேர்மையாகவே தெரிகிறது. நாடாளுமன்றத்திடம் ஆதாரம் கேட்டவர் தன் நீதிமன்றத்துக்கு மட்டும் ஆதாரமில்லாத அதிகாரத்தை எடுத்துக்கொள்ள முடியாது அல்லவா? பிரிவினைவாதி என்று அவரைக் கொண்டாடுவதும் பொருந்தாது. ஒன்றியத்தின் பெயரைத் தாங்கிய கட்சியின் உறுப்பினராக இருந்தவர் அவர். ஒன்றியத்தை உருவாக்கிய ஒப்பந்தத்தை இரு தரப்பும் மதிக்க வேண்டும் என்றார், அவ்வளவுதான்.

உடல்நலம் குன்றி 1954 முடிவில் பதவி விலகினார். கூரஸ் கூப்பர் பிரபு என்ற பட்டத்தோடு பிரபுக்கள் சபைக்குப் போனார். 1955 ஜூலையில், 62 வயதில் இறந்தார். வாரிசு இல்லாததால் பட்டமும் அவரோடு முடிந்தது. லார்ட் பிரசிடென்ட் நாற்காலிக்கு வந்தவர் ஜேம்ஸ் லாதம் கிளைட். இரண்டாண்டுக்கு முன் அரசிக்காக மக்கார்மிக் வழக்கில் எதிர்த்தரப்பில் நின்று அந்த ஒப்புதலைத் தந்த அதே லார்ட் அட்வகேட்.

கூப்பர் திறந்து வைத்த கேள்வியை நீதிமன்றங்கள் அவ்வப்போது தொட்டுப் பார்க்கின்றன. ஐரோப்பியப் பொதுச் சந்தையில் சேர்ந்ததால் ஸ்காட்லாந்துக் கடலில் அயலார் மீன்பிடிப்பதை எதிர்த்து 1975இல் ஒரு மீனவர் வழக்குப் போட்டார். கீத் பிரபு அதைத் தள்ளுபடி செய்தாலும், கோர்ட் ஆஃப் செஷனையே ஒழிக்க நாடாளுமன்றம் சட்டம் போட்டால் என்ன ஆகும் என்பதைப் பற்றிக் கருத்துச் சொல்லாமல் ஒதுக்கி வைத்தார். 2005இல் நரிவேட்டைத் தடைச் சட்டம் பற்றிய வழக்கு பிரபுக்கள் சபையின் ஒன்பது நீதிபதிகள் முன் வந்தது. அவர்களில் ஒருவரான ஹோப் பிரபு, கூப்பர் அமர்ந்த அதே எடின்பரோ நாற்காலியில் முன்பு இருந்தவர். நாடாளுமன்ற இறையாண்மை முன்பு எப்போதாவது முழுமையானதாக இருந்திருந்தாலும் இப்போது அப்படி இல்லை என்று எழுதினார். கோர்ட் ஆஃப் செஷனை ஒழிக்கும் சட்டம் எதையும் வெஸ்ட்மின்ஸ்டர் நாடாளுமன்றம் இதுவரை இயற்றவில்லை. ஆகவே அதற்கான தீர்ப்பும் இன்னும் எழுதப்படவில்லை.